நிலத்தில் படுப்பவர்

செப்ரெம்பர் 3

யார், எப்போது, என்ன சொன்னார்கள் என்பதில் பின்னர் சண்டை வரும். எங்கள் குடும்பத்தில் அது வழமை. ஆகவே எழுதி வைக்கிறேன்.

இன்று பின்னேரம் பராமரிப்பு இல்லத்தில் கூட்டம். என் மாமனார் அம்பலவாணர் அங்கே போய் ஒன்றரை வருடம் ஆகிறது. பிரிவுக்குப் பொறுப்பான மாரித் என்ற பெண்மணி எங்களுக்குக் கோப்பி ஊற்றித் தந்துவிட்டு, அவர் இந்தக் கோடையில் ஏழு தடவை விழுந்துவிட்டார் என்றார். எல்லாமே மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு. எலும்பு முறியாதது அதிர்ஷ்டம். அதிர்ஷ்டத்தை நம்பி நிர்வாகம் நடத்த முடியாது. மறதியும் கூடிவிட்டது. கற்ற கொஞ்ச நோர்வேஜிய மொழியும் போய், இப்போது தாதிகளோடு தமிழில்தான் பேசுகிறார். புதுவருடத்துக்குப் பிறகு அவரை நகரின் மறுபக்கத்தில் இருக்கும் பூட்டிய பிரிவுக்கு மாற்ற யோசிக்கிறார்கள். அங்கே கட்டிலுக்கு இரண்டு பக்கமும் கம்பி. கதவுக்கு இலக்கப் பூட்டு.

என் மனைவி சுகிர்தா அழுதாள். அவளுடைய தம்பி ஜெயரூபன் ஒஸ்லோவிலிருந்து தொலைபேசியில் கலந்துகொண்டு, "டொக்டர்மார் சொன்னால் சரியாத்தான் இருக்கும்" என்றான். அங்கே டொக்டர் யாரும் இருக்கவில்லை.

என்னை எவரும் ஒன்றும் கேட்கவில்லை. எனக்கும் அம்பலவாணரைப் பிடிக்காது. ஊரில், அல்வாய் என்ற இடத்தில், கூட்டுறவுச் சங்கக் கடைக்கு மனேஜராக இருந்தவர். இந்த வீட்டுக்கு நாங்கள் குடிவந்த அன்று, பேர்கன் தமிழரில் பாதிப்பேர் கூடியிருந்த இடத்தில், "மருமகன் எஞ்சினியராமே?" என்று ஒருவர் கேட்டார். "ஓம், பேராதனையில படிச்ச எஞ்சினியர். கட்டினதுதான் ஒண்டுமில்லை" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். யார் யார் சிரித்தார்கள் என்று இப்போதும் என்னால் சொல்ல முடியும்.

செப்ரெம்பர் 6

மழை.

செப்ரெம்பர் 9

சுகிர்தாவுக்குப் பாலர் பள்ளியில் வேலை. எனக்கு ஓய்வு நாள். அதனால் மாமனாருக்குச் சோறும் கறியும் கொண்டுபோகும் வேலை என் தலையில் விழுந்தது. பிந்திப் போனேன். அவர் இல்லத்துச் சாப்பாட்டை முடித்துவிட்டிருந்தார்.

கதவைத் திறந்தால் கட்டில் வெறுமை. யன்னலுக்குக் கீழே, வெளிச்சுவர் ஓரமாக, நிலத்தில் கிடந்தார். ஓடிப்போனேன். அருகே போனதும் நின்றேன். குளிக்கிற துவாயை விரித்திருந்தார். வலக்கையை மடித்துத் தலைக்குக் கொடுத்திருந்தார். மூக்குக்கண்ணாடி மடித்து யன்னல் விளிம்பில் இருந்தது. செருப்பு இரண்டும் சுவரோடு சோடியாக வைக்கப்பட்டிருந்தன. விழுகிற மனிதன் செருப்பைச் சோடி சேர்த்து வைப்பதில்லை.

"மாமா, விழுந்திட்டியளோ?"

"ஏன் விழ? படுத்திருக்கிறன். கதவைச் சாத்தும்."

மாரித்திடம் போய்ச் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டார். நிலத்தில் காணப்படும் எவரும் விழுந்தவராகவே பதியப்பட வேண்டும், அப்படியே விட்டுவிட்டுப் போகத் தாதிகளுக்கு அனுமதி இல்லை என்றார். எங்கள் ஊரில் மத்தியானத்தில் பாதிச் சனம் நிலத்தில்தான் படுக்கும் என்றேன். "சுவாரசியமாக இருக்கிறது" என்றார். இந்த நாட்டில் அந்தச் சொல்லுக்கு, பேச்சு முடிந்தது என்று அர்த்தம்.

அந்த யன்னலுக்குக் கீழே நிலம் பனிக்கட்டி மாதிரி. எண்பத்து மூன்று வயது. நியூமோனியா வந்தால் முடிந்தது கதை.

செப்ரெம்பர் 12

"அப்பாவை வீட்டை கொண்டு வருவம்" என்றாள் சுகிர்தா.

நாங்கள் வாழ்வது மேல்தளத்தில். ஏறுவதற்குச் செங்குத்தான மரப்படி. அவரால் முடியாது. கீழ்த்தளம் என்று இருப்பது, மலைச்சரிவுக்குள் பாதி புதைந்த ஒரு சாமான் கிடங்கு. உள்ளங்கை மொத்தத்துக்கு ஒரு பழைய சீமெந்துப் பூச்சு. அதன் கீழே நேராக ஈரமண். அங்கே ஒரு மனிதரைப் படுக்க வைக்க முடியாது என்றேன். எல்லாவற்றையும் உடைத்து, தோண்டி, குளிர் ஏறாதபடி அடியில் பலகை அடுக்கி, சுடுநீர்க் குழாய் பதித்துக் கொங்கிறீட் போட வேண்டும். குளியலறை வேண்டும். பெரிய வேலை.

"நீங்கள் எஞ்சினியர்தானே?" என்றாள்.

கலியாணமாகி இருபத்து நான்கு வருடமாகியும், அவள் இப்படிச் சொல்லும்போது அது பாராட்டா குத்தலா என்று எனக்குப் பிடிபடுவதில்லை.

சாப்பாட்டு நேரம் ஜெயரூபன் தொலைபேசியில் எடுத்தான். "அத்தான், உதுக்கு ஆரும் தெரிஞ்ச ஆக்களைப் பிடிக்கலாமே? நீங்கள் உதில இறங்கி, பிறகு அரைகுறையில நிண்டால்…"

நானே செய்வதென்று முடிவு. கோபத்தில் எடுத்த முடிவு என்பதையும் குறித்து வைக்கிறேன்.

செப்ரெம்பர் 24

நகரசபைக்கு வரைபடம் கொடுத்தேன். பொறுப்பாளர் என்ற இடத்தில் கையெழுத்து வைக்க எனக்குத் தகுதியில்லை. என் நான்கு வருடப் பட்டத்தை இங்கே இரண்டு வருடம் என்று மதிப்பிட்டிருக்கிறார்கள். மற்ற இரண்டு வருடமும் நான் என்ன செய்துகொண்டிருந்தேன் என்று அவர்கள் கேட்கவில்லை. அதே நகரசபையின் கழிவுநீர் நிலையத்தில் பம்புகளைப் பார்த்துக்கொள்கிறேன். அதற்கு மட்டும் தகுதி போதும். அனுமதி பெற்ற கம்பனிக்காரர் ஒருவர் வந்து, என் கணக்கைப் பார்த்து, "நன்றாகச் செய்திருக்கிறாய்" என்று முதுகில் தட்டிவிட்டுக் கையெழுத்து வைத்தார்.

ஒக்ரோபர் 5

பழைய நிலத்தை உடைத்தாயிற்று. யோகன் உதவிக்கு வருகிறான். இந்த நாட்டுக்கு வந்த புதிதில் வடக்கே மீன் தொழிற்சாலையில் என்னோடு வேலைக்கு நின்றவன். வாய் ஓயாது. ஆனால் சொன்ன நேரத்துக்கு வருவான். அந்த ஒரு குணத்துக்காக மற்றதைப் பொறுக்கலாம்.

இன்று இடுப்பளவு ஆழத்தில் நின்று மண் அள்ளிக்கொண்டு கேட்டான்:

"அண்ணை, மாமாவுக்கு வீடு கட்டுறியளோ, இல்லாட்டிச் சமாதியோ? இந்த ஆழம் வெட்டுறியள்."

"வெட்டிறதை வெட்டு."

"இல்லை, கேட்டு வைக்கிறன். பிறகு பொலிஸ் வந்து கேட்டால் சொல்ல வேணுமெல்லே."

ஒக்ரோபர் 13

சல்லிக்கல் பரவி இடித்து மட்டம் பார்த்தாயிற்று. மேலே, பாறையிலிருந்து கசியும் வாயுவைத் தடுப்பதற்கான தடித்த விரிப்பு. பொருத்துகளை ஒட்ட ஒரு நாள் முழுக்கப் போய்விட்டது. ஒரு சின்ன ஓட்டை விழுந்தாலும் வீண்.

சுகிர்தா தேத்தண்ணியோடு சப்பாத்தும் காலுமாக உள்ளே வந்தாள். கத்தினேன். அவள் வாசலிலேயே சப்பாத்தைக் கழற்றிவிட்டு, கோயிலுக்குள் வருகிறவள் மாதிரி வெறுங்காலோடு மெதுவாக வந்து கோப்பையை நீட்டினாள்.

"இவ்வளவு கவனமா நீங்கள் ஒண்டையும் செய்து நான் கண்டதில்லை."

இதற்கும் எனக்கு அர்த்தம் பிடிபடவில்லை. தேத்தண்ணி நன்றாக இருந்தது.

ஒக்ரோபர் 20

குளிரை மறிக்கும் ரெஜிபோம் பலகை வந்து இறங்கியது. லொறி நிறைய வெள்ளை வெளேரென்று; தூக்கினால் பாரமே இல்லை. மூன்று அடுக்கு. கீழ் அடுக்கின் பொருத்துக்கு மேல் மேலடுக்கின் பொருத்து வரக்கூடாது. சுவர் ஓரத்திலும் பட்டி வைத்து மறிக்க வேண்டும்; இல்லாவிட்டால் சூடு அந்த வழியால் மண்ணுக்குப் போய்விடும்.

யோகன் சிரித்துச் சிரித்துப் பலகை வெட்டினான். "மீன் பெட்டியெல்லே செய்யிறியள், அண்ணை. உதுக்குள்ள ஆளை வைச்சால் ஒரு கிழமைக்குக் கெடாது."

நானும் சிரித்துவிட்டேன். எழுதும்போது சிரித்திருக்கக் கூடாது என்று படுகிறது. படட்டும்.

ஒக்ரோபர் 28

இல்லத்தில் அவருடைய கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு விரிப்புப் போட்டிருக்கிறார்கள். அதில் கால் பட்டால் தாதிகளின் அறையில் மணி அடிக்கும். அவர் அதைச் சுருட்டித் தலையணையாக வைத்துக்கொண்டு நிலத்தில் படுத்துவிட்டார். பின்னேரம் முழுக்க மணி அடித்திருக்கிறது. மாரித் தொலைபேசியில் இதைச் சொல்லும்போது அவர் குரலில் சிரிப்பு இல்லை. இது ஒன்பதாவது விழுகையாம்.

நவம்பர் 4

கம்பிவலை விரித்து, அதன் மேல் குழாயைக் கட்டுகிறோம். நத்தை ஓட்டுச் சுருள் மாதிரி வெளியிலிருந்து உள்ளே போய், அதே வழியால் திரும்பி வரவேண்டும். ஒவ்வொரு அறைக்கும் தனிச் சுற்று, தனி வால்வு.

அவருடைய அறையில் மட்டும் சுருளின் இடைவெளியைக் குறைத்தேன். யன்னல் ஓரத்தில் இன்னும் குறைத்தேன். வெளிச்சுவருக்குப் பக்கத்தில் குளிர் அதிகம். கணக்கு அப்படித்தான் சொல்கிறது. இதில் வேறு ஒன்றும் இல்லை.

சுகிர்தா நின்று பார்த்தாள். "அப்பா படுக்கிற இடத்தில தலைக்கு நேர கீழேயும் உந்தக் குழாய் போகுதோ?"

"ஓம். அதுக்கென்ன?"

"தலைக்குக் கீழ சூடு கூடாதெண்டு அம்மா சொல்லுவா."

"உம்மட அம்மா நோர்வேயில வீடு கட்டினவவோ?"

அவள் மேலே போய்விட்டாள். இரவுச் சாப்பாட்டில் உப்பு இல்லை.

நவம்பர் 7

குழாய்க்குள் அழுத்தம் ஏற்றி விட்டிருந்தோம். காலையில் பார்த்தால் அழுத்தமானியின் முள் இறங்கியிருந்தது. சவர்க்காரத் தண்ணீர் பூசிப் பூசித் தேடினோம். கடைசியில் குளியலறைச் சுற்றில், கட்டுக்கம்பியின் நுனி குத்திய இடத்தில் குமிழி வந்தது. யோகன் கட்டிய இடம். அவன் முகம் செத்துப் போயிற்று. திட்டுவதற்கு வாயைத் திறந்தவன், மூடிக்கொண்டேன். அந்தச் சுற்று முழுவதையும் கழற்றிப் புதுக் குழாய் போட்டோம். வேறு யாராவது என்றால் விட்டிருக்க மாட்டேன்.

நவம்பர் 10

கொங்கிறீட்.

லொறி எங்கள் ஒடுங்கிய ஒழுங்கைக்குள் பின்பக்கமாக ஏறி வந்தது. பக்கத்து வீட்டுக்காரர் தன் வேலியைக் காவல் காத்துக்கொண்டு மழைக்குள் குடையோடு நின்றார். நீண்ட குழாய் யன்னலுக்குள்ளால் நுழைந்து, சாம்பல் நிறத்தில் கக்கத் தொடங்கியது. யோகன் தன் வேலைத்தளத்திலிருந்து இரண்டு பேரைக் கூட்டி வந்திருந்தான். முழங்கால் வரை ஏறும் சப்பாத்து. குழாய்களுக்கு மேல் மிதிக்காதே, கம்பியைத் தூக்கு, இங்கே நிரப்பு, போதும், போதும். நான்தான் கத்திக்கொண்டிருந்தேன் என்று பிறகு சொன்னார்கள். அழுத்தமானியின் முள் கடைசிவரை அசையவில்லை.

எல்லோரும் போன பின், அவருடைய அறையை நான் தனியே மட்டம் செய்தேன். மேலே பலகையோ ஓடோ பதிக்கப் போவதில்லை. வெறும் சீமெந்து நிலம்தான். இறுகத் தொடங்கும் வரை காத்திருந்து, சாந்தகப்பையால் தேய்த்துத் தேய்த்து மினுக்கினேன்.

பேராதனையை விட்டு வெளியே வந்த பிறகு நான் போட்ட முதல் கொங்கிறீட். இதைச் சுகிர்தாவிடம் சொல்லவில்லை. அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும். படியில் நின்று வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நவம்பர் 30

நிலத்துக்குத் தண்ணீர் தெளிப்பு, பொலித்தீன் மூடல். குளியலறைச் சுவர். மின்சாரம். எழுத ஒன்றுமில்லை.

டிசெம்பர் 20

சூட்டை ஏற்றத் தொடங்கினேன். மெதுவாகத்தான் ஏற்ற வேண்டும்; அவசரப்பட்டால் கொங்கிறீட்டில் வெடிப்பு விழும்.

டிசெம்பர் 27

வெளியே பனி. சுகிர்தா மேசைக்குப் போகாமல் சோற்றுக் கோப்பைகளைக் கீழ்த்தளத்துக்குக் கொண்டுவந்தாள். நிலத்தில் சப்பணம் கட்டி இருந்து சாப்பிட்டோம். "நல்ல கணகணப்பு" என்றாள். கால்களை நீட்டினாள். பாதம் என் முழங்காலில் பட்டது, எடுக்கவில்லை. அவளுக்கு எப்போதும் பாதம் குளிர்ந்திருக்கும். இன்று இல்லை.

ஜனவரி 15

மாரித்தோடு மறுபடியும் கூட்டம். நிலத்தின் படங்களைக் காட்டினேன். அவர் பார்த்தார். மூன்று கிழமை வீட்டில் வைத்துப் பார்க்கலாம் என்று இறங்கி வந்தார். நகரசபை அதிகாரி ஒருவர் வந்து பார்ப்பார். அந்த மூன்று கிழமையில் ஒரு விழுகை பதியப்பட்டாலும், பூட்டிய பிரிவில் இடம் தயாராக இருக்கிறது. இதைச் சொன்னபோது மாரித் சுகிர்தாவின் கையைப் பிடித்துக்கொண்டார். கெட்ட மனுசி என்று சொல்ல முடியாது. சொல்ல விருப்பமாக இருந்தது.

ஜனவரி 28

வந்துவிட்டார். சக்கர நாற்காலியில் கீழ் வாசலால் உள்ளே தள்ளினோம். சுற்றிப் பார்த்தார்.

"ஆற்றை வீடு இது?"

"எங்கட வீடுதான் அப்பா."

என்னைக் காட்டி, "உவருமோ இருக்கிறார்?" என்றார்.

சாப்பாடு முடிந்தது. சுகிர்தா அவருடைய காலுறைகளைக் கழற்றினாள். எழுந்து நின்றார். ஒரு காலைத் தூக்கினார். அதை வைத்து மற்றதைத் தூக்கினார். கோடையில் கடற்கரை மணலில் நிற்பவர் மாதிரி.

"நிலத்துக்குக் காய்ச்சல்" என்றார்.

"அப்பா, கணகணப்பா இருக்கட்டும் எண்டு இவர் உங்களுக்காகச் செய்தவர்."

"ஏன்?"

துவாயை விரித்துப் படுத்தார். கொஞ்ச நேரத்தில் புரண்டார். எழுந்து கட்டிலில் ஏறி உட்கார்ந்து, கண்ணைத் திறந்தபடி பின்னேரத்தைக் கழித்தார்.

புது இடம். பழக நாளாகும்.

ஜனவரி 30

மத்தியானம் சுகிர்தா போட்ட சத்தத்தில் ஓடினேன். அறையில் ஆள் இல்லை. குளியலறையில் இல்லை. வெளிக்கதவுக்கு உட்பக்கமாக ஒரு சின்ன இடம். சப்பாத்துக் கழற்றுவதற்காக விட்டது. குழாய் பதிக்காத ஒரே இடம் அதுதான். பழைய கருங்கல் அப்படியே கிடக்கிறது. கதவின் கீழால் பனிக்காற்று அடிக்கிறது. அங்கே, எங்களுடைய சப்பாத்துகளுக்கு நடுவில், துவாய் விரித்துக் கல்லில் கன்னத்தை வைத்துப் படுத்திருந்தார். செருப்பு சோடியாக இருந்தது. கைகள் சில்லிட்டிருந்தன. நல்ல நித்திரை.

தூக்கிக்கொண்டு வந்து போர்த்தினோம்.

"மாமா, ஏன் அங்க போய்ப் படுத்தனீங்கள்? உள்ளுக்கு நல்ல நிலம் கிடக்கெல்லே?"

"அது நிலமோ? தோசைக்கல்லு."

சுகிர்தா போர்வையை இழுத்து விட்டாள். அவர் அவளைப் பார்த்துப் பேசினார், என்னைப் பார்க்கவில்லை.

"சங்கக் கடையை ஒரு மணிக்குப் பூட்டினால் மூண்டு மணிக்குத்தான் திறக்கிறது. வெளியில வெயில் கொளுத்தும். அரிசி மூட்டைக்குப் பின்னால போய்ச் சீமெந்தில கன்னத்தை வைச்சால், ஆ, அந்தக் குளிர்மை உச்சிக்கு ஏறும். அதுக்குத்தானே ஒரு நாள் முழுக்க நிண்டு வேலை செய்யிறது."

ஜனவரி 31

இல்லத்தில் எங்கே படுத்தார்? யன்னலுக்குக் கீழே, வெளிச்சுவர் ஓரமாக, அந்த அறையிலேயே குளிர் கூடிய இடத்தில். பார்த்தேன், எழுதியும் வைத்தேன். குளிர் அவரைக் கொன்றுவிடும் என்று கணக்குப் போட்டேன். குளிரைத் தேடித்தான் போனார் என்று போடவில்லை.

ஐந்து மாதம். மூன்று அடுக்குப் பலகை. நெருக்கமாகச் சுற்றிய குழாய்.

யோகனுக்குத் தொலைபேசியில் சொன்னேன். சிரிப்பை அடக்குகிறான் என்று தெரிந்தது. "அண்ணை, ஒரு விசயம்," என்றான் கடைசியில். "மீன் பெட்டிக்குள்ள நாங்கள் ஐஸ் போடுறனாங்கள்தானே. சுடுதண்ணியில்லையே."

பெப்ரவரி 1

அவருடைய அறைச் சுற்றின் வால்வை மூடினேன். சுகிர்தா கண்டுவிட்டாள்.

"என்ன செய்யிறியள்?"

"மூடுறன்."

"விசரே உங்களுக்கு? பெப்ரவரி மாசம். மனிசனுக்கு நியூமோனியா வரும்."

"அடியில பலகை கிடக்கு. மண்ணில இருந்து குளிர் வராது. மற்ற அறையள் சூடா இருக்கு. இந்த நிலம் ஒரு அளவுக்குக் கீழ போகாது."

அவள் என்னை உற்றுப் பார்த்தாள். "அப்பாவோட உங்களுக்கிருக்கிற கோவத்தை இப்பிடியோ தீர்க்கிறது?"

இருபத்து நான்கு வருடமாக நான் சொல்லி வந்ததை வைத்துப் பார்த்தால், அவள் கேட்டதில் பிழை இல்லை. ஆனால் வால்வைத் திறக்கவில்லை. வாசல் கல்லை விட இது மேல் என்று மட்டும் சொன்னேன். அவள் அந்தக் கல்லுக்குப் போகும் உட்கதவைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போனாள்.

பெப்ரவரி 3

கொங்கிறீட் வாங்கிய சூட்டை இலேசில் விடாது. இன்னும் ஆறவில்லை. நாடு முழுக்க நிலத்தைச் சூடாக்கிக்கொண்டிருக்க, நான் அது ஆறும்வரை காத்திருக்கிறேன். அவர் கட்டிலில் உட்கார்ந்திருக்கிறார். மணிக்கொரு தரம் பாதத்தை இறக்கித் தொட்டுப் பார்க்கிறார்.

"இன்னும் காயுது" என்கிறார்.

வேலைத்தளத்தில் மேற்பார்வையாளர் சொல்வதுபோல.

பெப்ரவரி 5

"பறவாயில்லை" என்றார். படுக்கவில்லை.

பெப்ரவரி 6

காலையில் அளந்து பார்த்தேன். காற்றை விட நிலம் சற்றுக் குளிர். அல்வாயில் அந்தக் கடை நிலம் இதைவிடச் சூடாகத்தான் இருந்திருக்கும். ஆனால் கன்னத்துக்கு வெப்பமானி வாசிக்கத் தெரியாது. வெயிலுக்குள்ளிருந்து வந்த கன்னம் அது. ஆகவே அறையின் காற்றைக் கொஞ்சம் சூடாக்கினேன். பக்கத்து அறையின் கதவைத் திறந்து விட்டால் போதுமாக இருந்தது. நிலம் அப்படியே இருந்தது.

சாப்பிட்டு முடிந்ததும் துவாயை விரித்தார். கண்ணாடியை மடித்து வைத்தார். செருப்பைச் சோடி சேர்த்தார். படுத்து, கன்னத்தைத் துவாய்க்கு வெளியே, சீமெந்தில் வைத்தார்.

கொஞ்ச நேரத்தில் குறட்டை.

சுகிர்தா வாசலில் சாய்ந்துகொண்டு நின்றாள். மூன்று மணி ஆகும்வரை அசையவில்லை. பிறகு மேலே போய் எனக்கு மட்டும் தேத்தண்ணி போட்டுக்கொண்டு வந்தாள்.

பெப்ரவரி 17

அதிகாரி நாளை காலை வருகிறார். திட்டம் தயார். மாமாவுக்கு அயன் பண்ணி மினுக்கிய சேட், வேட்டி. கதிரையில் இருத்திக் கையில் ஒரு பேப்பர் கொடுப்பது. தமிழ்ப் பேப்பரா நோர்வேப் பேப்பரா என்று எனக்கும் சுகிர்தாவுக்கும் வாக்குவாதம். மதியச் சாப்பாட்டுக்கு முன் அதிகாரி போய்விட வேண்டியது மட்டும்தான். காலையில் அவர் படுப்பதில்லை.

ஜெயரூபன் தொலைபேசியில் எடுத்து, எல்லாம் சரியாகப் போனால் தானும் ஒரு நாள் வந்து பார்ப்பதாகச் சொன்னான்.

பெப்ரவரி 18

அதிகாரி காலை வரவில்லை. வேறொரு வீட்டில் மினக்கெட்டுவிட்டாராம். மத்தியானம் வருவதாகச் செய்தி. மத்தியானம் எப்போது என்று இல்லை.

மாமாவைக் கதிரையில் வைத்திருக்கப் பார்த்தோம். "அப்பா, இன்னும் கொஞ்ச நேரம் இருங்கோ, ஆக்கள் வருகினம்" என்று சுகிர்தா கெஞ்சினாள்.

"ஆர் வந்தாலும் மூண்டு மணிக்கு வரச் சொல்லு. கடை பூட்டு."

மினுக்கிய சேட்டோடு படுத்துவிட்டார்.

வாசல் மணி அடித்தது. அதிகாரி ஐம்பது வயதுப் பெண், தூரில் என்று பெயர். வாசலில் சப்பாத்தைக் கழற்றிவிட்டு, முகம் நிறையச் சிரிப்போடு உள்ளே வந்தவர், அறைக் கதவில் நின்றார். பை கையிலிருந்து நழுவியது. அடுத்த கணம் மாமாவுக்குப் பக்கத்தில் முழந்தாளிட்டு நாடியைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"எவ்வளவு நேரமாக இப்படிக் கிடக்கிறார்? ஏன் தூக்கவில்லை?"

சுகிர்தா நன்றாக நோர்வேஜிய மொழி பேசுகிறவள். நாள் முழுக்க அந்தப் பிள்ளைகளோடு அதைத்தான் பேசுகிறாள். ஒரு சொல் வரவில்லை. என்னைப் பார்த்தாள்.

"விழவில்லை. படுத்திருக்கிறார்" என்றேன்.

"நிலத்தில்?"

"நாங்கள் அப்படித்தான் படுப்பது."

தூரில் எழுந்து நின்றார். கோபப்படவில்லை, களைத்திருந்தார். "எனக்கு விளங்குகிறது. ஆனால் யோசித்துப் பாருங்கள். நாளைக்கு இவர் உண்மையாகவே விழுந்து கிடந்தால், நான் எப்படி வித்தியாசம் காண்பது? விழுந்த எத்தனையோ பேரின் குடும்பங்கள் என்னிடம் இதையேதான் சொல்கின்றன. நிலத்தில் ஆளைக் கண்டேன் என்றுதான் நான் எழுத வேண்டும்."

அது நியாயமான பேச்சு. என்னிடம் பதில் பல இருந்தன. முப்பது வருடமாகச் சேர்த்து வைத்த பதில்கள். பட்டத்தைப் பாதியாக்கியவர்களுக்கு, முதுகில் தட்டியவர்களுக்கு, சுவாரசியம் என்றவர்களுக்கு. சுகிர்தா என் சட்டைக்கையைப் பிடித்தாள். அந்தப் பதில்களில் ஒன்றைச் சொல்லியிருந்தாலும் தூரில் பையை எடுத்துக்கொண்டு போயிருப்பார்.

செருப்பைக் கழற்றினேன். சுவரோடு, மாமாவின் செருப்புக்குப் பக்கத்தில் சோடி சேர்த்து வைத்தேன். என் கண்ணாடியையும் மடித்து, யன்னலில் அவருடையதற்குப் பக்கத்தில் வைத்தேன். ஒரு கையை ஊன்றி, முழங்கால் முறிகிற சத்தத்தோடு இறங்கி, அவருக்குப் பக்கத்தில் சரிந்து படுத்தேன். அவரைப் போலவே கன்னத்தைச் சீமெந்தில் வைத்தேன். நான் மினுக்கிய நிலத்தில் இதற்கு முன் நான் படுத்ததில்லை. கன்னத்துக்கு வழுவழுப்பாக இருந்தது. குளிர் மெதுவாக ஏறியது.

"விழுகிறவர் இதில் எதையும் செய்வதில்லை" என்றேன் கீழேயிருந்து. "கண்ணாடியைப் பாருங்கள். செருப்பைப் பாருங்கள். இதுதான் வித்தியாசம்."

கண்ணாடி இல்லாமல் எனக்குத் தூரிலின் காலுறைகள் மட்டும் தெரிந்தன, பச்சை நிறம். அவை நெடுநேரம் ஒரே இடத்தில் நின்றன. பிறகு யன்னல் பக்கம் போயின. செருப்புப் பக்கம் போயின. பின்னர் முழங்கால்கள் மடிந்து ஒரு கை கீழே வந்து நிலத்தைத் தொட்டுப் பார்த்தது.

அம்பலவாணர் ஒரு கண்ணைத் திறந்தார். என் முகம் அவருடைய முகத்துக்கு மிகக் கிட்ட இருந்தது.

"கொஞ்சம் தள்ளிப் படும்" என்றார். "உம்மட சூடு நிலத்துக்கு ஏறுது."

சுகிர்தா வெடித்துச் சிரித்தாள். சிரித்துக்கொண்டே அழுதாள் என்று நினைக்கிறேன், கீழேயிருந்து தெரியவில்லை.

"என்ன சொல்கிறார்?" என்று கேட்டார் தூரில்.

சுகிர்தாவுக்குச் சொற்கள் திரும்பி வந்திருந்தன. மொழிபெயர்த்துச் சொன்னாள். தூரில் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, பையைத் திறந்து, ஏதோ எழுதத் தொடங்கினார். எழுதும்போதே வாய்விட்டுச் சொன்னார்: மதியம், ஓய்வெடுக்கிறார், வழமையான இடத்தில்.

நான் ஒரு சாண் தள்ளிப் படுத்தேன்.